முந்நூற்றுப் பன்னிரண்டு இடங்கள்

மீன்பிடித் தடைக்காலத்தின் கடைசி நாள். மால்பே துறைமுகத்தில் படகுகள் விலாவோடு விலா ஒட்டி நின்றன. லட்சுமண குந்தரின் படகில், சுக்கான் அறைக்குள், பழுது பார்க்க வந்த பிரமிளா மடிக்கணினியிலிருந்து ஒரு மெமரி கார்டில் மென்பொருளை ஏற்றிக்கொண்டிருந்தாள். எதிரே ஜிபிஎஸ் பெட்டி மூன்று நாட்களாகத் தன் பெயரை மட்டும் காட்டி உறைந்திருந்தது.

"இந்தக் கார்டப் போட்டா எழுந்துக்கும்ண்ணே. ஆனா உள்ள சேத்து வச்சதெல்லாம் அழிஞ்சிடும். நகல் இருக்கா?"

குந்தர் உறைந்த திரையை உள்ளங்கையால் துடைத்தார். பதினாறு வருடங்களில் அவர் குறித்து வைத்த முந்நூற்றுப் பன்னிரண்டு இடங்கள் அதற்குள் இருந்தன. வலையைக் கிழிக்கும் பாறைகள், மழை விட்டதும் கணவாய் மீன் கூடும் கடலடிச் சரிவுகள். படகோட்டிகள் இவற்றை மனைவியிடம்கூடச் சொல்வதில்லை. நகல் எடுப்பதென்றால் அவருக்கு வீட்டுக் கதவைத் திறந்துபோட்டுத் தூங்குவது மாதிரி.

"ஜக்கண்ணன்கிட்ட இருக்குமே," என்றான் சமையல்கார போஜா. "அதுக்குத்தான அடி வாங்குனாரு."

யாரும் சிரிக்கவில்லை. ஜக்கண்ணன் என்கிற ஜகன்னாதன் குந்தருடைய மனைவியின் தம்பி. போன வருடம் இதே அறையில், அந்த இடங்களை ஒரு கார்டில் திருட்டுத்தனமாக ஏற்றிக்கொண்டு போய்விட்டான். மறுநாள் ஏலக்கூடத்தில், மீன் கூடைகளுக்கு நடுவே, குந்தர் அவனை அறைந்தார். அன்றிலிருந்து பேச்சில்லை. கார்டும் திரும்பி வரவில்லை.

"நீ சோத்தப் பாருடா," என்றார் குந்தர். பிறகு பிரமிளாவிடம், "போடும்மா. நாளைக்குக் குருடனா கடலுக்குப் போக முடியாது."

அவள் கார்டைச் செருகி இரண்டு பொத்தான்களைச் சேர்த்து அழுத்தினாள். "முடியறவரைக்கும் ஜெனரேட்டரத் தொடாதீங்க."

திரையில் ஒரு வெள்ளைக் கோடு மெல்ல நகர்ந்தது. கடலில் எங்கெங்கோ முந்நூற்றுச் சொச்சம் இடங்கள் ஒவ்வொன்றாக வெறும் தண்ணீராகிக்கொண்டிருப்பதாக பிரமிளாவுக்குத் தோன்றியது. கோடு நிறைந்தது. பெட்டி அணைந்து எழுந்தது. நீலம் மட்டும். நடுவில் படகைக் காட்டும் சிறு அம்பு.

குந்தர் வரைபடத்தைப் பெரிதாக்கினார், சுருக்கினார். எங்கும் ஒரு புள்ளி இல்லை.

"நல்லா வேல செய்யுது," என்றார்.

பிரமிளா பையிலிருந்து ஒரு காலிக் கார்டை எடுத்து மேசையில் வைத்தாள். "இதுல போட்டு வாங்கிட்டு வந்தீங்கன்னா நானே ஏத்தித் தரேன்." யாரிடமிருந்து என்று அவள் சொல்லவில்லை.

ஜகன்னாதனின் படகு வரிசையில் ஆறாவது. குந்தர் கார்டை உள்ளங்கையில் மூடிக்கொண்டு, ஒவ்வொரு படகாகத் தாண்டிப் போனார். ஐந்தாவதின் விளிம்பில் நின்றார். எதிரே வலை மடித்துக்கொண்டிருந்த ஜகன்னாதன் தலை நிமிர்ந்தான். இரண்டு படகுகளுக்கும் நடுவே தண்ணீர் விரிந்தது, மூடியது, மறுபடி விரிந்தது.