ஐந்து மணி வரை

தங்கையின் முகத்தை ஈரத்துணியால் துடைத்துக்கொண்டிருந்தபோது அழைப்புமணி அடித்தது. பன்னிரண்டு மணிக்கு வரவேண்டிய வண்டி அதற்குள் வந்துவிட்டதா என்று அக்கா துணியோடு எழுந்துபோனாள்.

வாசலில் தங்கையின் கணவர். பிரிந்து இரண்டு வருடமாகிறது. ஒரு கையில் மகள், மறுகையில் போன்.

“கரெக்டா பத்து மணிக்குக் கொண்டுவந்துட்டேன். ஒரு போட்டோ எடுத்துக்கறேன், வக்கீல் கேட்டார்…” என்றவர், அவள் தோளுக்குப் பின்னால் கூடத்தைப் பார்த்துவிட்டார்.

ஞாயிறுதோறும் பத்திலிருந்து ஐந்துவரை குழந்தை தாயோடு இருக்க வேண்டும் என்பது போன வருடத் தீர்ப்பு. ஒரு ஞாயிறுகூட அவர் அழைத்துவரவில்லை. காய்ச்சல், பரீட்சை, வெளியூர். நோயோடு கோர்ட்டுப் படியேறி, தங்கை அவமதிப்பு வழக்குப் போட்டாள். இனியும் மீறினால் சிறைதான் என்று நீதிபதி சொன்னபிறகு வந்த முதல் ஞாயிறு இது. இதற்காகவே நேற்று ஆஸ்பத்திரியில் சண்டைபோட்டு வீட்டுக்கு வந்தாள். இன்று விடியற்காலையில் இறந்துபோனாள்.

“எப்போ?” என்றார்.

“விடியக்காலம். போட்டோ எடுங்க. உத்தரவை மதிச்சீங்கன்னு காட்டணும்ல?”

போன் சட்டைப்பைக்குள் போனது. “குழந்தை இதெல்லாம் பார்க்க வேண்டாமே. கூட்டிட்டுப் போயிடறேன்.”

“அஞ்சு மணி வரைக்கும் இவ அம்மாகிட்டதான் இருப்பா.”

தம்பி அவளை உள்ளே இழுத்தான். “அக்கா, பன்னெண்டுக்கு வண்டி வருது. பைத்தியமா உனக்கு?”

“சாயங்காலம் வரச்சொல்லு.”

“மயானத்துல நேரம் குடுத்திருக்காங்க.”

“மாத்திக் கேளு. கால்ல விழுந்தாவது கேளு. ஒரு வருஷம் வாசலைப் பார்த்தே உக்காந்திருந்தாடா. கெடைச்ச ஒரு ஞாயித்துக்கிழமையையும் பாதியில புடுங்கறதா?”

தம்பி போனை எடுத்தான்.

குழந்தைக்கு ஆறு வயது. அம்மாவின் அருகில் போய் உட்கார்ந்தாள்.

“பெரியம்மா, அம்மா முடி எங்க?”

“மருந்துல கொட்டிடுச்சுடா.”

“அம்மாவுக்கு என்னைப் பார்க்கப் பிடிக்கலைன்னு அப்பா சொன்னாங்க.”

வெளியே வராந்தாவில் அவர் உட்கார்ந்திருந்த நாற்காலி கிரீச்சிட்டது. அக்கா அந்தப் பக்கம் திரும்பவில்லை.

“நீ வரேன்னு அம்மா நேத்து ராத்திரியெல்லாம் தூங்கவே இல்ல” என்றாள்.

குழந்தை யோசித்தாள். பிறகு, ஆடிக்கொண்டிருந்த பல்லை நாக்கால் தள்ளி அம்மாவுக்குக் காட்டினாள். பள்ளிக்கூடத்துப் பாட்டு ஒன்றை, பாதி மறந்து, இரண்டு தடவை பாடினாள். பெரியம்மா ஊட்டிய சோற்றை அங்கேயே இருந்து தின்றாள்.

ஐந்து மணிக்கு வண்டி வந்தது. அவர் செருப்பைக் கழற்றிவிட்டுக் கூடத்துக்குள் வந்தார்.

“இன்னும் கொஞ்ச நேரம் இருக்கட்டுமே…”

“உத்தரவுல அவ்வளவுதான் இருக்கு” என்றாள் அக்கா.

தூக்க வந்தவர்கள் ஸ்ட்ரெச்சரைத் தரையில் வைத்தார்கள். “கால் ஜில்லுன்னு இருக்கு” என்று அவர்களிடம் சொல்லிவிட்டு, குழந்தை போர்வையை ஒரு பாதத்துக்கு அடியில் செருகினாள். பிறகு எழுந்து, எல்லாரையும் சுற்றிக்கொண்டு, அடுத்த பாதத்துக்குப் போனாள்.