தங்கத்துரை குடித்த தேத்தண்ணி

சட்டத்தரணி தம்பிராசாவின் கந்தோருக்குத் தங்கத்துரை எத்தனையோ முறை வந்திருக்கிறார். ஒருநாளும் அங்கே தேத்தண்ணி குடித்ததில்லை. "வயித்துக்கு ஒத்துவராது" என்பார். அந்த வயிறு பார்த்தது தேயிலையை அல்ல, ஊற்றிக் கொடுக்கிற கையை என்பது தேத்தண்ணி ஊற்றுகிற கந்தோர்ப் பெடியன் சின்னராசாவுக்குத் தெரியும். வெருகல் பக்கத்திலிருந்து வந்த அவன் என்ன சாதி என்று துறைமுகத்துப் பக்கம் விசாரித்து அறிந்த முதல் ஆளே தங்கத்துரைதான்.

கோயில் தர்மகர்த்தாவான அவருக்கு இப்போது பொலிஸ் பயம் பிடித்திருந்தது. பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் அகதியாக இருந்த குணமணி கோயில் கிணற்றில் தண்ணீர் அள்ளியிருக்கிறாள். இவர் வாளியை உதைத்து, சாதிப்பெயர் சொல்லி ஏசி, கையை முறுக்கித் தள்ளிவிட்டார். அழுதுகொண்டு போவாள் என்று நினைத்தார். அவள் நேரே பொலிசுக்குப் போய்விட்டாள். குணமணி சின்னராசாவின் ஊர், அவனுடைய ஆட்கள்.

"முன்பிணை எடுக்கலாம்," என்றார் தம்பிராசா. "புதுச் சட்டம் வந்து ரெண்டு வரியம். பொலிஸ் பிடிக்க முந்தியே நீதவானிட்டப் போகலாம். ஆனா நீங்கள் சாதி பாக்கிற ஆளில்லை எண்டு அந்த ஆக்களிலேயே ஒருத்தர் சத்தியக்கடதாசி தரவேணும்."

"அதுகள் ஆர் எனக்குத் தரப்போகுது?"

தம்பிராசா பேனாவால் மேசைக்கு அந்தப் பக்கம் காட்டினார். "சின்னராசா, ஐயாவுக்கு ஒரு தேத்தண்ணி ஊத்திக்கொண்டு வா."

கோப்பை வந்தது. தங்கத்துரை அதைக் கசாயத்தைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"முழுக்கவோ?"

"முழுக்க."

கண்ணை மூடிக்கொண்டு குடித்தார். கோப்பையை வைத்ததும் எழுந்து பின்வளவுக்குப் போனார். குழாய் திறக்கும் சத்தமும், தொண்டைவரை கொப்பளித்துத் துப்பும் சத்தமும் உள்ளே கேட்டன. தம்பிராசா மின்விசிறியின் வேகத்தைக் கூட்டிவிட்டார்.

சத்தியக்கடதாசியைச் சின்னராசாவே தட்டச்சடித்தான். எதையும் பென்சிலால் வரிவரியாகச் சரிபார்ப்பது மாலை வகுப்பில் பழகிய பழக்கம். 'மனுதாரர் எனது கையால் தேநீர் பெற்று அருந்தினார்.' சரி. 'மறுப்பேதும் தெரிவிக்கவில்லை.' அதுவும் சரி. எல்லா வரியும் சரியாக இருந்தும் பென்சில் கீழே இறங்க மறுத்தது. ஒருவேளை வெற்றிலை போட்ட வாயைக் கழுவினாரோ? அவர் வெற்றிலை போடுவதில்லை. தனக்குத்தான் எல்லாம் குற்றமாகத் தெரிகிறதோ?

"ஐயா, குடிச்சிட்டு வாய் கொப்பளிச்சவர். அதையும் போடட்டோ?"

"சத்தியக்கடதாசியில நடந்ததை எழுதுறது. நடந்ததெல்லாத்தையும் எழுதுறேல்லை." தம்பிராசா நிமிராமலே கேட்டார்: "உன்ர கடிதம் இந்த மாதத்தோட முடியுதெல்லோ?"

முடிகிறதுதான். இவன் என் கந்தோரில் வேலை செய்கிறான் என்று தம்பிராசா மாதாமாதம் எழுதிக் கொடுக்கிற கடிதம். ஆமிச் சோதனைச்சாவடியில் அடையாள அட்டையோடு அதையும் நீட்டினால்தான் வெருகல் பெடியனை விடுவார்கள். போன மாதச் சுற்றிவளைப்பில் அவனுடைய அறையில் தங்கியிருந்தவன் அப்படியொரு கடிதம் இல்லாமல் ட்ரக்கில் ஏறினான். அவனுக்கு எந்த நீதவானும் பிணை கொடுக்கவில்லை.

சின்னராசா கையெழுத்து வைத்தான்.

நீதிமன்றத்தில் அதை உரக்க வாசித்தார்கள். நீதவான் முன்பிணை கொடுத்தார். வெளி விறாந்தையில் குணமணி, கட்டுப்போட்ட கையோடு, அவனை மறித்தாள்.

"தம்பி, அவர் உன்ர கையால தேத்தண்ணி குடிச்சவரெண்டு வாசிச்சினம். மெய்யோ?"

"மெய்தான் அக்கா."

"குடிச்சிட்டு?"

சின்னராசா வாயைத் திறந்தான். சட்டைப்பையில் புதுக் கடிதம் மடிப்புக் குலையாமல் இருந்தது. அவன் கை அதைத் தொட்டுப் பார்த்தது.

"குடிச்சிட்டு என்ன செய்தவர் எண்டு கேக்கிறன்."

அந்நேரம் பின்னாலிருந்து தம்பிராசா கூப்பிட்டார். "சின்னராசா, கடையில எல்லாருக்கும் தேத்தண்ணி வாங்கிக்கொண்டு ஓடி வா!"

"எனக்கு வேண்டாம்," என்றார் தங்கத்துரை. அவருக்குச் சிரிப்பு அடக்கமுடியவில்லை. "அதுதான் பிணை கிடைச்சிட்டுதே."

குணமணி அவரைப் பார்க்கவில்லை. சின்னராசாவைத்தான் பார்த்தாள். பிறகு முறிந்த கையை மற்றக் கையால் தாங்கிக்கொண்டு படி இறங்கினாள்.

அவன் தேத்தண்ணி வாங்கப் போனான்.