இந்த நாட்டில் இனி அரசி இல்லை

1

1893 ஜனவரி 17, ஹொனலுலு. ஹவாய்த் தீவுகளின் அரசி, தன் அதிகாரத்தை விட்டுக்கொடுப்பதாக எழுதிய தாளில் கையெழுத்திட்டார். முதல் நாள் அமெரிக்கக் கப்பலிலிருந்து இறங்கிய சிப்பாய்கள் அரண்மனைக்கு அருகில் நின்றிருந்தார்கள்.

இதைப் பற்றி ஒரு கட்டுரை எழுதத்தான் உட்கார்ந்தேன். இரண்டாம் பத்தியில் கை தவறி 'ஹவாய் அரிசி' என்று அடித்துவிட்டேன். ரகரத்தின் தலையில் ஒரு வளைவு கூடுதல்.* திருத்தப் போனவன் திருத்தவில்லை. ஒரு வளைவில் ஓர் அரசி சோறாகிப்போவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கட்டுரை அங்கேயே நின்றது. இந்தக் கதை அந்தப் பிழையிலிருந்து வந்தது. இதை இப்போதே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பிற்பாடு அந்தப் பிழைக்கு வேறொருவர் பொறுப்பேற்க வேண்டியிருக்கும்.

(*பள்ளிக்கூடத்தில் அந்த வளைவுக்கு மேல்விலங்கு என்று பெயர் சொல்லித் தந்தார்கள். கைவிலங்கு மாதிரி.)

2

முதல் தொடக்கம்: 'ஹொனலுலுவில் கடல் அன்று' (விட்டுவிட்டேன். நான் அந்தக் கடலைப் பார்த்ததில்லை.)

இரண்டாம் தொடக்கம்: '1511இல், கப்பலில் வந்தவர்களிடம் மலாக்கா சுல்தானின் ஆட்சி விழுந்தபோது, துறைமுகத்தில் வணிகம் செய்த தமிழர்கள்' (மறுபடியும் கட்டுரை. ஆனால் இதிலிருந்து ஓர் ஆள் கிடைத்தார். அந்த வணிகர்களின் வழிவந்த செட்டிகள் மலாக்காவின் காஜா பேராங்கில் இருக்கிறார்கள். கோயில் உண்டு, திருநீறு உண்டு, பொங்கல் உண்டு. தமிழ் மட்டும் இல்லை. வீட்டில் அவர்களுக்கென்று ஒரு மலாய்.)

மூன்றாவது நிற்கிறது: 1943 ஜூன், ஜப்பானியர் பிடியில் காஜா பேராங். சாரதாம்பாள் ரேஷன் வரிசையில் நிற்கிறார்.

கெபாயாச் சட்டை, சரோங், கையில் சாக்குப்பை. முன்னால் நிற்பவர்களும் பின்னால் நிற்பவர்களும் தமிழர்கள். ஜன்னலுக்குப் போனதும் எல்லோரும் ஒன்றையே கேட்கிறார்கள். "அரிசி இருக்கா?" "அரிசி எப்பங்க வரும்?" உள்ளே உட்கார்ந்திருக்கும் ஜப்பானிய உணவு அதிகாரி தலையை அசைக்கிறார். மரவள்ளிக்கிழங்கு வருகிறது. தினமும் கேட்டுக் கேட்டு, செட்டி வீட்டுப் பெண்ணான சாரதாம்பாள் தமிழில் முதல் சொல்லைக் கற்றுக்கொண்டார்.

அவருடைய பயம் அரிசியைப் பற்றியது அல்ல. கணவர் ஏகாம்பரம் முன்பு நில அளவை அலுவலகத்தில் வரைபடம் போட்டவர். இப்போது சயாமில் ரயில் பாதை போடுவதற்கான பட்டியலில் அவர் பெயர் இருக்கிறது. முன்பு போனவர்களிடமிருந்து கடிதம்கூட வரவில்லை.

3

நல்லையா, மூடப்பட்ட ஒரு பள்ளியின் ஆசிரியர். உத்தரவின்பேரில் ஜப்பானிய மொழி கற்றவர். அமெரிக்கர்கள் ஒரு தீவைப் பிடுங்கிக்கொண்ட கதையை நாடகமாகப் போட்டால் ஜப்பானியருக்குப் பிடிக்கும் என்று கணக்குப் போட்டார். உணவு அதிகாரி சம்மதித்தார். நாடகம் பிடித்திருந்தால், நடிப்பவர்களுக்கும் அவர்கள் வீட்டில் ஓர் ஆளுக்கும் சயாமிலிருந்து விலக்குச் சீட்டு.

மேடையேற வேறு பெண்கள் முன்வரவில்லை. சாரதாம்பாள் வந்தார்.

(உணவு அதிகாரிக்குச் சயாம் பட்டியலில் கைவைக்கும் அதிகாரம் உண்டா? எனக்கும் சந்தேகம்தான். வேறு அதிகாரியை வைத்து எழுதிப்பார்த்தேன், கதை அசையவில்லை. எனக்கு இவர்தான் வேண்டும். ஏன் என்பது ஐந்தாம் பகுதியில்.)

4

வசனங்களை நல்லையா ஆங்கில எழுத்தில் தாளில் எழுதிக் கொடுத்திருந்தார். சாரதாம்பாள் பொருள் தெரியாமலே மனப்பாடம் செய்தார். பிசிறில்லாமல் சொன்னார், ஒரே ஒரு சொல்லைத் தவிர.

"'அரசி'ங்கக்கா. அ-ர-சி."

"அரிசி."

"ரி இல்லக்கா. ர... ர."

"சாமா சாஜா, சிக்கு," என்றார். எல்லாம் ஒன்றுதானே வாத்தியாரே, என்று அர்த்தம்.

அமெரிக்கத் தளபதியாக நடிக்கும் அப்பாசாமி, தோட்டத்துக் காக்கிக் கால்சட்டையில் உட்கார்ந்திருந்தார். "விடுங்க சார். 'அரிசி வருது'ன்னு நோட்டீஸ் ஒட்டுங்க, ஊரே திரண்டு வரும்."

"நீ வாய மூடு. அமெரிக்காக்காரன் தமிழ் பேசக்கூடாது."

"பின்ன என்னாத்த பேசுறது? எனக்கு வசனமே குடுக்கல. துப்பாக்கிய மட்டும் குடுத்திருக்கீங்க."

"அவனுங்களும் அத மட்டுந்தான்யா கொண்டாந்தானுங்க."

ஏகாம்பரம் ஒரு மூலையில் இரண்டு படுக்கை விரிப்புகளுக்குச் சலவை நீலம் போட்டுக் கடல் செய்துகொண்டிருந்தார். வரைபடக்காரர் என்பதால் தீவுகள் சரியான இடங்களில் இருந்தன. அலுவலகத்தில் கேட்ட கொஞ்சம் தமிழ் அவருக்குத் தெரியும். வீட்டில் மனைவிக்கு அவர்களுடைய மலாயில் வழி சொல்லிக்கொடுத்தார்: 'ராஜா' என்று நினைத்துக்கொள், அந்த 'ரா'வை நடுவில் வை. அரசி. சாரதாம்பாள் பன்னிரண்டு முறை சரியாகச் சொன்னார். ஏகாம்பரம் பன்னிரண்டு வரை விரல் விட்டு எண்ணினார்.

5

மண்ணெண்ணெய் கிடையாது. ஆகவே நாடகம் வெயிலில். கடிகாரங்கள் தோக்கியோ நேரத்தில் ஓடின. அவற்றுக்கு மணி நான்கு, சூரியனுக்கு இரண்டரை. எந்த நேரத்திலும் சேராத ஒரு பிற்பகல் அது. ஏகாம்பரமும் இன்னொருவரும் ஆளுக்கொரு முனையைப் பிடித்து விரிப்புகளை அசைக்க, காஜா பேராங்கில் கடல் எழும்பியது. அதன் நடுவே கெபாயாவும் செம்பருத்தி மாலையுமாக சாரதாம்பாள் நடந்து வந்தார். யாரும் இருமக்கூட இல்லை. ஹவாய் அரசி கெபாயா அணிந்ததில்லை என்று யாருக்கும் தோன்றவில்லை. எழுதும்போது எனக்கும் தோன்றவில்லை.

அப்பாசாமி துப்பாக்கியை நீட்டினார். அரசி தாளில் கையெழுத்திட்டார். கடைசி வசனம்.

"வெள்ளையர் வந்தார்கள். துப்பாக்கியைக் காட்டினார்கள். இந்த நாட்டில் இனி..."

நிமிர்ந்து பார்த்தார். முதல் வரிசையில் அதிகாரி. தினமும் ஜன்னலில் பார்க்கும் முகம். அந்த முகத்துக்கு உரிய சொல் தானாக வாயில் வந்தது.

"...அரிசி இல்லை."

பின்வரிசையிலிருந்து ஒரு பெண் குரல்: "அதான் தெரியுமே தாயீ!"

"மரவள்ளிதான் இருக்கு!" என்றார் இன்னொருவர். சிரிப்பு, கைதட்டல், சீட்டி. சாரதாம்பாளின் முகம் மலர்ந்தது. இத்தனை பாராட்டை அவர் எதிர்பார்க்கவில்லை. இரண்டு கைகளையும் உயர்த்தி இன்னும் உரக்கச் சொன்னார்:

"இந்த நாட்டில் இனி அரிசி இல்லை!"

ஏகாம்பரத்தின் கையிலிருந்து விரிப்பின் முனை நழுவியது. கடல் கீழே விழுந்தது.

அதிகாரி நல்லையாவின் பக்கம் திரும்பினார். "அமெரிக்கர்களைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்," என்றார் நல்லையா, ஜப்பானிய மொழியில்.

"அரிஷி," என்றார் அதிகாரி.

அவருக்கும் தெரிந்த ஒரே தமிழ்ச் சொல் அதுதான். அதே ஜன்னலில் கற்றது. சட்டைப்பையிலிருந்து விலக்குச் சீட்டுகளை எடுத்துப் பார்த்தார். திரும்ப வைத்துப் பொத்தானைப் போட்டுக்கொண்டார்.

6

முடிவு ஒன்று: அதிகாரியும் சிரித்துவிடுகிறார். இதை எழுதி இரண்டு நாள் வைத்திருந்தேன். படிக்கும்போதெல்லாம் அவர் முகம் சிரிக்காமலே இருந்தது.

முடிவு இரண்டு: சாரதாம்பாள் தெரிந்தேதான் சொன்னார். இதைப் பலரும் விரும்புவார்கள். நானும் விரும்பினேன். ஆனால் பன்னிரண்டு முறை சரியாகச் சொல்லிப் பழகியவர் அவர். அவருக்கு வேண்டியிருந்தது தன் வீட்டு ஆள், கைதட்டல் அல்ல. அடித்துவிட்டேன்.

முடிவு மூன்று: 'மறுநாள் ஜன்னலில் அவர் வாயைத் திறந்து' (இதற்கு மேல் போகவில்லை.)

எனவே உங்களிடம் விடுகிறேன். ஐந்தாம் பகுதியில் சாரதாம்பாள் 'அரிசி' என்று சொல்லும் இரண்டு இடத்திலும், ரகரத்தின் மேல் இருக்கும் விலங்கைப் பேனாவால் அடித்துவிடுங்கள். கூட்டம் கண்ணைத் துடைத்துக்கொள்ளும். அதிகாரி சட்டைப்பையைத் திறப்பார். நீங்களே செய்திருக்கலாமே என்பீர்கள். செய்திருக்கலாம், முதல் பகுதியிலேயே. அங்கே நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஹவாய் அரசியை 1895இல் அவருடைய அரண்மனையிலேயே ஓர் அறையில் சிறைவைத்தார்கள். அங்கே அவர் துணித்துண்டுகளைச் சேர்த்து ஒரு போர்வை தைத்தார். சாரதாம்பாள் கடலை மடித்து வீட்டுக்கு எடுத்துப்போய் இரண்டு முறை துவைத்தார். நீலம் போகவில்லை. தீவுகள் மட்டும் போய்விட்டன.

மலாக்காவிலிருந்து தம்பினுக்குப் போகும் ரயில் பாதையை ஏற்கெனவே பெயர்த்துச் சயாமுக்குக் கொண்டுபோயிருந்தார்கள். அதனால் தம்பின் வரை லாரி. வியாழக்கிழமை காலை வந்தது. பட்டியலில் ஏகாம்பரம் முப்பத்தொன்றாவது. ஏறிக்கொண்டார்.