திரும்பி இருமுங்க, தனேஸ்வரி

1

இந்தக் கதை ஓர் இருமலிலிருந்து வந்தது. தெரிந்தவர் ஒருவருக்குத் துணையாகப் புற்றுநோய்ச் சிகிச்சைக் கூடத்துக்குப் போயிருந்தேன். நாற்காலியில் சாய்ந்திருந்த ஒரு பெண்ணை மிஸ்ஸி, அதாவது தாதி, இருமச் சொன்னார். அவர் இருமினார். கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்ற கணவரும் கூடவே இருமினார். அவருக்குச் சளியும் இல்லை, ஒன்றும் இல்லை. மனைவிக்கு ஒத்தாசை செய்வதாக நினைப்பு. நான் பார்த்தது அவ்வளவுதான். மீதியெல்லாம் என் கைச்சரக்கு.

2

முதலில் இப்படித் தொடங்கினேன்: ‘கோலசிலாங்கூர் வானத்தில் கருமேகங்கள், தனேஸ்வரியின் வாழ்க்கையைப் போலவே…’

வேண்டாம். நோய் என்றதும் மேகத்தைக் கூப்பிடுகிற இந்தக் கைக்கு ஓர் அடி போட வேண்டும்.

மறுபடி. தனேஸ்வரிக்கு வலது காறை எலும்புக்குக் கீழே, தோலுக்கடியில், ஐம்பது காசு அளவுக்கு ஒரு மேடு. போர்ட் என்பார்கள். அதிலிருந்து ஒரு மெல்லிய குழாய் உள்ளே பெரிய இரத்தக் குழாய்க்குப் போகிறது. மருந்து ஏற்றி ஏற்றிக் கை நரம்புகள் ஒன்றுக்கும் ஆகாமல் போனதால், இரத்தம் எடுப்பதும் மருந்து ஏற்றுவதும் அதன் வழியாகத்தான். சிகிச்சை முடிந்தாலும் அதைச் சும்மா விட முடியாது. குறித்த தேதிக்குப் போய், உப்புத் தண்ணீர் செலுத்திக் கழுவிவிட்டு வர வேண்டும். விட்டால் இரத்தம் கட்டி அடைத்துக்கொள்ளும்.*

(* இதை மிஸ்ஸி அவளிடம் சொல்லியிருந்தார். அவளும் தலையாட்டியிருந்தாள். தலையாட்டுவதற்கும் புரிந்துகொள்வதற்கும் எவ்வளவு தூரம் என்று கேட்டால், அவள் ஊரான அசாம் ஜாவாவிலிருந்து அந்த ஆஸ்பத்திரி வரைக்கும் என்பேன்.)

3

அவள் கணவன் புனிதனைக் கெட்டவனாக எழுதிப் பார்த்தேன். குடிக்க வைத்தேன். ஒட்டவில்லை. தோட்டத்தில் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுகிறவன். அவள் வாந்தியெடுத்த வாளியை முகம் சுளிக்காமல் கழுவியவன். அந்தப் புனிதன்தான் இந்தக் காரியத்தைச் செய்தான்.

நோய் போனால் தோட்டத்து மாரியம்மனுக்குத் தீ மிதிப்பதாக வேண்டியிருந்தான். போய்விட்டது என்று டாக்டர் சொன்னார். திருவிழாவுக்குக் காப்புக் கட்டிக்கொண்டான். கட்டியவன் திருவிழா முடியும்வரை தோட்டத்து எல்லையைத் தாண்டக் கூடாது. போர்ட் கழுவும் தேதி சரியாக அந்த நாட்களில் வந்து விழுந்தது.

“தம்பி காடி ஓட்டுவான், அதுல போயிட்டு வந்துடறேனே,” என்றாள் தனேஸ்வரி.

“உனக்காகத்தான கட்டியிருக்கேன். நீயும் தாண்ட வேணாம் லா. வெறும் உப்புத் தண்ணிதான, மருந்தா என்ன? பிறகு போலாம்.”

அவளுக்கும் அது சரியென்றே பட்டது. அவன் தீ மிதித்தான். காலில் ஒரு கொப்புளம் இல்லை. அம்மன் ஏற்றுக்கொண்டாள் என்று லயத்து வீடுகளெல்லாம் பேசின. அதற்குப் பிறகு வேறு தேதி வாங்க இருவருக்கும் தோன்றவில்லை. நல்லபடியாக இருக்கும்போது ஆஸ்பத்திரி வாசலை மிதிக்க யாருக்கு ஆசை? மாதங்கள் போயின. அவளுக்கு முதுகு வலிக்கத் தொடங்கியது.

4

நோய் எலும்புக்கு வந்துவிட்டது. இன்று புது மருந்து தொடங்க வேண்டும், தள்ளிப்போடக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். மிஸ்ஸி திலகம் மேட்டைத் துடைத்து ஊசியைச் செருகுகிறார். உப்புத் தண்ணீர் முக்கி முனகி உள்ளே போகிறது. பின்னால் இழுக்கிறார். சிரிஞ்சில் ஒன்றும் வரவில்லை.

“கையைத் தூக்குங்கக்கா. இடப்பக்கம் திரும்பி இருமுங்க.”

இருமுகிறாள். வரவில்லை.

“ரத்தம் வரலன்னா மருந்து ஏத்த முடியாதுக்கா. வெளிய கசிஞ்சா சதைய அரிச்சிடும். கடைசியா எப்ப கழுவுனீங்க?”

[நான் பார்த்த கணவர் கதவுக்கு வெளியே நின்றார். புனிதனை உள்ளே கொண்டுவந்து அவள் காலருகே நிறுத்தியிருக்கிறேன். இந்தக் கேள்வி அவன் காதில் விழ வேண்டும். எழுதுகிறவனுக்கு ஈவிரக்கம் கிடையாது.]

அவன் முகம் செத்துப்போகிறது. “மிஸ்ஸி, நான்தான்…”

“எனக்குத்தான் சோம்பல் மிஸ்ஸி,” என்று தனேஸ்வரி முந்திக்கொள்கிறாள். “இவரு கூப்பிட்டாரு. நான்தான் வரல.”

பழைய பிரதிகளில் இந்த இடத்தில் அவளை வாய்விட்டுத் திட்ட வைத்திருந்தேன். அவளுக்குக் கோபம் இல்லாமல் இல்லை, வயிறெரியக் கோபம் இருக்கிறது. ஆனால் அதைவிடப் பெரிய பயம் ஒன்று அவளுக்கு.

5

முடிவு ஒன்று: சிரிஞ்சில் சிவப்பாக… அடித்துவிட்டேன்.

முடிவு இரண்டு: போர்ட்டை எடுத்துவிட்டு வேறு வைக்கத் தேதி கொடுக்கிறார்கள். தேதி வரும்வரை நோய்… இதையும் அடித்துவிட்டேன்.

நடப்பது இதுதான். அடைப்பைக் கரைக்கும் மருந்தை உள்ளே விட்டு, பொறுத்துப் பார்ப்போம் என்று மிஸ்ஸி நகர்ந்துவிட்டார். புனிதன் குனிகிறான்.

“ஏன் தனேசு பொய் சொன்ன?”

“அப்புறம் என்ன சொல்லச் சொல்றீங்க?”

“நான் போக வேணாம்னு சொன்னதாலதான…”

“எனக்கு ஏதாச்சும் ஆயிட்டா, இதையே நெனச்சிகிட்டு நீங்க எப்படி இருப்பீங்க? நான்தான் வரலன்னு வச்சிக்குங்க. அப்படியே வச்சிக்குங்க.”

அவன் தலையாட்டவில்லை. மிஸ்ஸி புது சிரிஞ்சோடு வருகிறார். இரத்தம் வந்தால் அவளுக்கு மருந்து ஏறும். வராவிட்டால், அவள் இருந்தாலும் இல்லாவிட்டாலும், அந்த மனிதன் ஒவ்வொரு நாளும் அந்தக் கோயிலைக் கடந்துதான் லோரி ஓட்ட வேண்டும். இரண்டில் எதை எழுதவும் எனக்கு மனசு வரவில்லை. மிஸ்ஸி இழுக்கப் போகிறார். நீங்கள் பார்த்துச் சொல்லுங்கள். அவனிடம் சொல்லுங்கள், என்னிடம் வேண்டாம்.