மாட்டுக்கு நட்ட கம்பி

தொண்ணூற்று மூன்றில் ராஜபாளையத்துப் பெரிய மனிதர்கள் சிலர் கமிட்டி போட்டுப் பூங்கா கட்டினார்கள். அதன் இன்ஜினியர் ஆவுடையப்பன் ஒருநாள் அழகுத்தாயின் வீட்டுக்கே வந்துவிட்டார். போலியோவில் இரண்டு காலும் சூம்பிப்போனவள் அவள். தளவாய்புரத்து ஜவுளி வியாபாரிகளுக்கு நைட்டி தைத்துக் கொடுத்து, கையால் சுற்றி ஓட்டும் மூன்று சக்கர வண்டியில் போய்வருவாள். அவர் டேப்பைப் பிடித்து வண்டியின் அகலத்தை அளந்தார்.

"ஒன் வண்டி ஏறுத மாதிரி வாசல்ல சரிவு போடப்போறோம்மா."

சந்தோஷத்தில் அன்றைக்கு அவளுக்குச் சோறே இறங்கவில்லை. கோயில், கல்யாணம், சினிமா என்று எங்கே போனாலும் யாராவது அக்குளில் கைகொடுத்துத் தூக்க வேண்டும். இருபத்தாறு வயதுப் பெண்ணுக்கு அதைவிட நரகம் உண்டா? ஒரே ஒரு இடத்துக்காவது யார் கையும் மேலே படாமல் போய்வர வேண்டும். அவள் ஆசைப்பட்டது அவ்வளவுதான்.

திறப்பு விழாவில் முதல் ஆளாக அவளைத்தான் ஏறச் சொன்னார்கள். வண்டி சிரமமில்லாமல் ஏறியது. கைதட்டினார்கள், போட்டோ எடுத்தார்கள். மேடையேறியவர்கள் அத்தனை பேரும் அவள் பெயரைச் சொல்லித் தங்களைத் தாங்களே பாராட்டிக்கொண்டார்கள்.

அடுத்த வாரம் போனால், சரிவின் உச்சியில் வரிசையாக இரும்புக் கம்பி நட்டிருந்தது. ஆள் ஒருக்களித்து நுழையலாம், வண்டி நுழையாது.

"மாடு ஏறி வந்து செடியெல்லாம் மேயுதுல்லா, அதான்," என்றார் வாட்ச்மேன் மொக்கைச்சாமி. "வண்டிய இங்கன விட்டுரு தாயி. நான் தூக்கி உள்ள வைக்கேன்."

"யாரும் தூக்கக் கூடாதுன்னுதான அண்ணாச்சி இதக் கட்டுனாக?"

அவர் பாவம், என்ன செய்வார். மாட்டையும் அவளையும் ஒரே கம்பியில் நிறுத்திய புண்ணியவான்களிடம் ஆள் விட்டுச் சொன்னாள். பார்க்கலாம் என்றார்கள். மறுபடியும் போய்ப் பார்த்தாள், கம்பி அப்படியே நின்றது. பிறகு போவதை விட்டுவிட்டாள்.

அடுத்த வருஷம் பஞ்சு மார்க்கெட் பக்கம் ஆவுடையப்பனே ஸ்கூட்டரை நிறுத்தி நலம் விசாரித்தார். ஸ்ரீவில்லிபுத்தூரிலும் பூங்கா வருகிறதாம், வேலை அவருக்குத்தானாம்.

"அங்கயும் சரிவு உண்டுல்லா சார்?" அவமானத்தையெல்லாம் மறந்து ஆசையாகக் கேட்டாள்.

"வெறும் படிதான். இங்க அம்புட்டு செலவழிச்சுப் போட்டோமே, மொத நாளுக்குப் பொறவு ஒரு வண்டியாவது வந்துச்சா? கமிட்டியில என்னையல்லா ஏசுதாக."

"நான் வந்தேன் சார்" என்று அவள் சொல்லி முடிப்பதற்குள் அவர் ஸ்கூட்டரை உதைத்துக் கிளப்பியிருந்தார்.