பெண்டிங்கில் பதினொன்று

தேவயானி முடிக்காமல் வைத்திருந்த வீடியோ கேம்கள் பதினொன்றா பன்னிரண்டா என்பதில் எனக்கு இப்போது நிச்சயம் இல்லை. அவள் கணவன் வேணு சொன்னபோது பதினொன்று என்று காதில் விழுந்ததாக ஞாபகம். உறவுப் பெண் மோனிகாவின் கல்யாணம் வைகாசியில் என்றான் அவன். ஆவணி என்றாள் தேவயானி. இப்படிச் சில இடங்களில் நான் கேட்டதும் நடந்ததும் கொஞ்சம் விலகியிருக்கலாம். நடந்த காரியத்தில் மட்டும் சந்தேகம் இல்லை. பதினொன்று என்றே வைத்துக்கொள்வோம்.

வேணுவுக்கு சத்தியவேடு பக்கம் ஒரு தொழிற்சாலையில் வேலை. வாஷிங் மிஷினுக்குள் போகிற சின்ன பம்புகளைச் செய்கிற இடம். வரிசையில் கடைசி மேசை அவனுடையது. தண்ணீர் விட்டு ஓட்டிப் பார்த்து அவன் பச்சை ஸ்டிக்கர் ஒட்டினால்தான் பம்பு பெட்டிக்குள் போகும். சந்தேகமானவை மஞ்சள் தட்டில் கிடக்கும். அதற்குப் பெயர் பெண்டிங். சனிக்கிழமை சாயங்காலம் மஞ்சள் தட்டு காலியாக இருந்தால் கம்பெனி பஸ்ஸில் ஏதாவது முணுமுணுத்துக்கொண்டு வருவான். காலியாகவில்லை என்றால் திருப்பதி வரும்வரை ஜன்னலை விட்டுத் தலையைத் திருப்ப மாட்டான்.

வீட்டிலும் அவனுக்கு ஒரு மஞ்சள் தட்டு இருந்தது.

அலிபிரி போகிற சாலையில் ஒரு மாடி வீட்டில் அவர்கள் வாடகைக்கு இருந்தார்கள். அவனும் தேவயானியும் சேர்ந்து வாங்கி வைத்திருந்த வீடியோ கேம்கள் அறுபத்து மூன்று. பாதி கல்யாணத்துக்கு முன்னால் அவன் வாங்கியவை, பாதி அவள் தேடித் தேடிச் சேர்த்தவை. லேப்டாப்பில் லைப்ரரியைத் திறந்தால் அட்டைப் படங்கள் வரிசையாக நிற்கும். எதை எத்தனை மணி நேரம் ஆடினார்கள், கடைசியாக என்றைக்குத் திறந்தார்கள் என்று அதுவே காட்டும். வேணுவுக்கு அது போதவில்லை. தனியாக ஒரு எக்ஸெல் ஷீட் போட்டான். பெயர், ஆடியவர், தொடங்கிய நாள், முடித்த நாள். கதை முடிந்து, செய்தவர்களின் பெயர்கள் திரையில் ஓடுவதைப் பார்த்தால்தான் முடித்ததாகக் கணக்கு. முடித்தது பச்சை, தொடாதது வெள்ளை, நடுவில் நிற்பது மஞ்சள்.

மஞ்சளில் இருந்த பதினொன்றும் தேவயானியுடையவை.

அவள் ஆடத் தெரியாதவள் இல்லை. வேணுவுக்கு விரல் சுளுக்கிக்கொள்கிற இடங்களை அவள் ஒரு கையில் டீ கிளாஸோடு தாண்டிப் போவாள். முப்பது மணி நேரம், நாற்பது மணி நேரம் ஆடுவாள். கடைசிச் சண்டைக்கு முன்னால், கடைசிக் கதவுக்கு முன்னால் நிறுத்திவிடுவாள்.

"முடிச்சிடேன் தேவி. அரை மணி நேர வேலை."

"முடிக்கலாம் மாமா. இன்னா அவசரம்?"

அவள் அவனுக்கு அத்தை மகள். பாவாடை கட்டிய நாளிலிருந்து வந்த 'மாமா' அது. கல்யாணத்தால் வந்தது இல்லை.

வேணு அந்தப் பதினொன்றைக் கவனித்துக்கொண்டே இருந்தான். அவள் அவற்றை அடிக்கடி திறந்தாள் என்று லைப்ரரி காட்டியது. பத்து நிமிஷம். ஏழு நிமிஷம். பன்னிரண்டு நிமிஷம். அதிலும், மருந்தகத்தில் கூட்டம் அதிகமான நாட்களில், முகம் சுருங்கி வீட்டுக்கு வருகிற சாயங்காலங்களில்தான் திறப்பாள். அவள் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் மருந்து எடுத்துக் கொடுப்பவள். ஆய்வு மேசையில் உட்கார்ந்து பழகியவனுக்கு எண்களைப் பார்த்தால் காரணம் தானாக வந்து நிற்கும். கடைசிச் சண்டைக்குப் போகிறாள், தோற்கிறாள், மூடி வைத்துவிடுகிறாள். கேட்க வெட்கப்படுகிறாள். இப்படித்தான் அவன் முடிவுகட்டினான்.

ஒருமுறை கேட்டும் பார்த்தான். "கஷ்டமா இருந்தா சொல்லு. நான் ஆடிக் குடுக்கறேன்."

"அதெல்லாம் இல்ல மாமா."

அந்த 'இல்ல'வையும் அவன் வெட்கத்தின் கணக்கில் எழுதிக்கொண்டான்.

இன்னொன்றும் அவன் கண்ணெதிரே இருந்தது. அதை அவன் இதோடு சேர்த்துப் பார்க்கவில்லை. மாதத்தில் ஒரு ஞாயிறு விடியற்காலையில் இருவரும் அலிபிரியிலிருந்து மலைக்கோயிலுக்குப் படியேறுவார்கள். தேவயானி ஒரு படி விடாமல் ஏறுவாள். மேலே போனதும் ஒரு மரத்தடியில் உட்கார்ந்து, கொண்டு வந்த எலுமிச்சம்பழச் சாதத்தைச் சாப்பிட்டுவிட்டு அங்கேயே இருந்துவிடுவாள். தரிசன வரிசைக்கு வர மாட்டாள். "நீ போய்ட்டு வா. நான் இங்கியே இருக்கேன்" என்பாள். களைப்பு என்று நினைத்துக்கொண்டு அவன் போய்விட்டு வருவான்.

தேவயானியின் சித்தி மகள் மோனிகாவுக்கு நாராயணவனத்தில், கோயில் மண்டபத்தில் கல்யாணம். தாலி கட்டியதைப் பார்த்துவிட்டு வேணு மறுநாள் ஷிப்டுக்காகத் திரும்பினான். தேவயானி மறுவீட்டு விருந்து முடியும்வரை இருந்தாள். திரும்பி வந்தவனுக்கு பஸ்ஸிலேயே செய்தி வந்தது: தொழிற்சாலையில் ஏதோ பழுது, மூன்று நாள் வேலை இல்லை.

காலியான வீடு. மேசையில் அவளுடைய லேப்டாப். அவனுக்கு அந்த யோசனை எப்போது வந்தது என்று அவனுக்கே தெரியாது. முதல் விளையாட்டைத் திறந்தபோது, அவள் வரும்போது எல்லாம் முடிந்திருக்கும், எத்தனை சந்தோஷப்படுவாள் என்ற நினைப்பு மட்டும் இருந்தது.

அவள் நிறுத்திய இடங்களிலிருந்து ஒவ்வொன்றாக ஆடினான். சுலபமாக இருந்தது. அதுவே அவனை நிறுத்தியிருக்க வேண்டும். அவன் இரண்டு மூன்று தடவை விழுந்து எழுந்த இடங்களை, அவனைவிட நன்றாக ஆடுகிறவள் எப்படித் தாண்டாமல் இருந்தாள்? அந்தக் கேள்வி வந்தது. மதியச் சாப்பாட்டோடு போய்விட்டது. இரண்டு நாளில் பத்து முடிந்தன. அவற்றில் ஏழு, முடிந்த பிறகு திறந்தாலும் பழையபடி கடைசிக் கதவுக்கு முன்னாலேயே கொண்டுபோய் விட்டன. மூன்று அப்படி இல்லை. முடிந்தது முடிந்ததுதான்.

மூன்றாம் நாள் பதினொன்றாவது. அது ஒரு படகோட்டியின் கதை. சுற்றிலும் தண்ணீர் ஏறிக்கொண்டே வரும் தீவுகளிலிருந்து ஆட்களை ஒரு படகுத்துறைக்குக் கொண்டுவந்து சேர்க்க வேண்டும். தேவயானி எல்லோரையும் சேர்த்துவிட்டிருந்தாள். துறையில் ஒரு டீக்கடை, அதில் ஒரு அம்மா, வலை பின்னுகிற இரண்டு பேர், படுத்துக் கிடக்கிற ஒரு நாய். கடைசிப் படகை எடுக்க வேண்டியதுதான் பாக்கி. சண்டையே இல்லை. ஒரு பட்டன்.

வேணு அதன் மேல் விரலை வைத்துக்கொண்டு சிறிது நேரம் உட்கார்ந்திருந்தான். இதில் தோற்பதற்கு என்ன இருக்கிறது? விரல் அழுத்திவிட்டது.

எல்லோரும் ஏறினார்கள். டீக்கடைக்காரம்மா ஏறினாள். நாய் தாவி ஏறியது. துறை வெறுமையாக நின்றது. பெயர்கள் ஓடின. பிறகு தேவயானியின் பழைய பயணம் அழிந்து, 'புதிய பயணம்' என்ற ஒரு வரியோடு திரை நின்றுவிட்டது.

அவன் ஷீட்டில் பதினொன்றையும் பச்சையாக்கினான். மஞ்சள் இல்லாத ஷீட்டை இரண்டு முறை மேலும் கீழும் நகர்த்திப் பார்த்தான்.

மறுநாள் சாயங்காலம் தேவயானி ஒரு தூக்கு நிறையக் கல்யாணப் பலகாரத்தோடு வந்தாள். அவள் முகம் கழுவி வரும்வரை கூட அவனுக்குப் பொறுக்கவில்லை.

"லைப்ரரியத் தொற."

"இன்னா இருக்குது அதுல?"

"தொறந்து பாரேன்."

அவள் பார்த்தாள். ஒவ்வொன்றாகப் பார்த்தாள். படகோட்டியில் வந்து நின்றாள். 'புதிய பயணம்' என்ற வரியைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். தலையிலிருந்த கல்யாண வீட்டுப் பூ வாடித் தொங்கியது.

"நீ பண்ணியா?"

"பின்ன யாரு? பெண்டிங்கே இல்ல இப்ப. நீ தோத்துனே இருந்தியே, அதான்..."

"நான் தோத்துனு இருந்தேன்னு யாரு சொன்னது?"

"பத்து நிமிஷம், ஏழு நிமிஷம்னு காட்டிச்சே."

"அங்க போய் உக்காந்துனு இருந்தேன் மாமா. அவ்ளோதான். அந்த டீக்கடைக்காரம்மா தெனம் ஒண்ணு சொல்லுவா. கேட்டுட்டு வந்துடுவேன்."

வேணு மன்னிப்புக் கேட்டான். அவள் தெலுங்கில் ஒரு 'சர்லே' சொல்லி, போகட்டும் என்பதுபோல் கையை ஆட்டிவிட்டு, லேப்டாப்பை மூடி வைத்து, தூக்கைத் திறந்து அவனுக்குப் பலகாரம் எடுத்து வைத்தாள். கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அதற்குப் பிறகு வீட்டில் எல்லாம் வழக்கம்போல நடந்தது. சமையல் நடந்தது, துணி காய்ந்தது, ஞாயிற்றுக்கிழமை படியேறினார்கள். மரத்தடியில் அவள் உட்கார்ந்தபோது, "நீ போய்ட்டு வா" என்று சொல்லவில்லை. அவன் வரிசைக்குப் போகவும் இல்லை. இரண்டு பேரும் சாதத்தைச் சாப்பிட்டு முடித்தார்கள். சாயங்காலங்களில் அவள் வந்து முகம் கழுவிவிட்டு நாற்காலியில் உட்கார்வாள். லேப்டாப்பைத் திறக்க மாட்டாள். முன்பு பத்து நிமிஷத்தில் தெளிந்துவிடும் முகம், இப்போது படுக்கப் போகும்வரை அப்படியே இருந்தது. அதைத்தான் வேணுவால் பார்க்க முடியவில்லை.

பஸ்ஸில் பக்கத்து இருக்கை செங்கல்வராயனுடையது. நகரியில் தறிக்காரர் வீட்டுப் பிள்ளை. யாரையும் கிண்டல் செய்யாமல் பத்து கிலோமீட்டர் தாண்ட மாட்டான். வேணு பாதி சொன்னதுமே அவனுக்குப் புரிந்துவிட்டது.

"இன்னாடா இது, துன்னாம ஆற வெச்சிருந்த பாயசத்த நீ குடிச்சிட்டு, கிண்ணத்தக் கழுவி வெச்சேன்னு அவகிட்ட பெருமையா சொல்லிக்கினு நிக்கற?"

"நான் நல்லதுக்குத்தான்டா..."

"பச்சை ஸ்டிக்கர் ஒட்டிட்டியா?"

"ஒட்டினேன்."

"மொதல்ல போய் அதக் கிழி."

 செங்கல்வராயன் அதற்கு மேல் சீண்டவில்லை.

அன்று சாயங்காலம் வேணு பதினொன்றையும் மறுபடி மஞ்சளாக்கினான். நிறத்தை மாற்றினால் துறைக்கு ஆட்கள் திரும்பி வந்துவிட மாட்டார்கள் என்பது அவனுக்குத் தெரியும். படகோட்டியைத் திறந்து, 'புதிய பயணம்' என்ற வரியை அழுத்தினான். முதல் கேள்வியிலேயே மாட்டிக்கொண்டான். படகுக்குப் பெயர் கேட்டது.

சமையலறை வாசலில் போய் நின்றான். "படகுக்கு இன்னா பேர் வெச்சிருந்தே?"

அவள் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். "எதுக்கு?"

"சொல்லேன்."

"நாலாம் நம்பர்."

அது அவனுடைய கம்பெனி பஸ்ஸின் எண். தினமும் ஆறே காலுக்கு அவனை ஏற்றிக்கொண்டு போய், சாயங்காலம் கொண்டுவந்து விடுவது. அந்தப் படகில்தான் எல்லோரையும் ஏற்றி அனுப்பினான். படகின் பக்கவாட்டில் எழுதியிருந்த பெயரை அன்று படிக்கவில்லை. அவன் வாசலிலேயே நின்றுகொண்டிருந்தான். அவள் வெங்காயத்தை நறுக்கி முடித்து, அடுத்ததை எடுத்தாள்.

"நாய்க்கு?" என்று கேட்டான்.

"பொரி."

இப்படி ஆரம்பித்தது. பஸ்ஸை விட்டு இறங்கியதிலிருந்து சாப்பாட்டு நேரம்வரை அவன் ஆடுவான். ஒவ்வொரு தீவிலும் ஒரு கேள்வி வரும். வலை பின்னுகிறவர்களில் யாரை முதலில் ஏற்றினாள்? கோயில் மணியை எடுத்து வந்தாளா, விட்டுவிட்டாளா? முதலில் அவள் ஒற்றைச் சொல்லில் பதில் சொன்னாள். பிறகு காரணமும் சேர்ந்து வந்தது. "அவன மொதல்ல ஏத்தினா இவன் வர மாட்டான் மாமா, ரெண்டு பேருக்கும் சண்டை." பிறகு ஒருநாள் நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்திப் போட்டு உட்கார்ந்து பார்த்தாள். "ஐயோ, பாறைமேல வுட்டுனு போற. கண்ணு எங்க வெச்சிருக்க?" என்றாள். கல்யாணத்துக்குப் போய்வந்த பிறகு அவள் அவனைத் திட்டியது அதுதான் முதல் தடவை. வேணு வேண்டுமென்றே இன்னொரு பாறையிலும் ஒருமுறை மோதினான்.

ஐம்பது நாளுக்குக் கொஞ்சம் குறைவாக ஆனது. ஒரு சனிக்கிழமை எல்லோரும் துறைக்கு வந்து சேர்ந்தார்கள். கடைசிப் படகு காத்திருந்தது. அவன் கையை எடுத்துவிட்டு, லேப்டாப்பை அவள் பக்கம் திருப்பினான்.

தேவயானி படகோட்டியைத் துறையில் நடக்க விட்டாள். நாயிடம் போனாள். டீக்கடையில் உட்கார வைத்தாள். அந்த அம்மா மழையைப் பற்றி ஏதோ சொன்னாள். தேவயானி ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இது என்னோடது இல்ல மாமா."

"நீ சொன்ன மாதிரியேதான் பண்ணேன்."

"பண்ண. ஆனா என்னோடதுல அந்தம்மா மவனப் பத்திப் பேசுவா. உன்கிட்ட மழையப் பத்திப் பேசறா. எங்கியோ ஒரு எடத்துல மாறிப்போச்சி."

"எங்கன்னு தெரிஞ்சா திரும்பி..."

"வேணாம்." அவள் குரலில் கோபம் இல்லை. "நல்லாதான் இருக்குது. இது உன்னோட தொறை. வெச்சிக்க. முடிச்சிடாத, அவ்ளோதான்."

பிறகு முதல் பக்கத்துக்குப் போய், அவன் பயணத்துக்குக் கீழே காலியாக இருந்த இடத்தில், தனக்காக ஒரு புதிய பயணத்தைத் தொடங்கினாள். படகின் பெயர் கேட்டது. அவள் டைப் செய்வதை அவன் எட்டிப் பார்க்கவில்லை.

செங்கல்வராயன் இப்போது நகரியில் அண்ணனோடு பவர்லூம் பார்க்கிறான்; பஸ்ஸில் அந்த இருக்கையில் யாரோ புதிதாக உட்கார்கிறார்கள். மோனிகாவுக்குப் பெண் குழந்தை பிறந்து, நாராயணவனத்திலேயே இருக்கிறாள். தேவயானி அதே ஆஸ்பத்திரியில் இருக்கிறாள். இரண்டாவது முறை துறைக்கு அவள் போய்ச் சேர ஒரு வருஷம் ஆனது. வேணு அதே கடைசி மேசையில் இருக்கிறான். அவன் ஷீட்டில் மஞ்சள் இப்போது பன்னிரண்டு. பன்னிரண்டாவதும் படகோட்டிதான்; ஆடியவர் என்ற இடத்தில் அவன் பெயர் இருக்கிறது. மஞ்சள் தட்டு காலியாகாத சனிக்கிழமைகளில் அதைத் திறக்கிறான். லைப்ரரி எட்டு நிமிஷம், பதினோரு நிமிஷம் என்று காட்டுகிறது.