கிறிஸ்துகிட்ட

அறைக்குள் அத்தாவைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார்கள். தண்ணீர் விழும் சத்தம் கூடம்வரை கேட்டது. அங்கே குர்ஆனின் யாசீன் அத்தியாயத்தை ஓதிக்கொண்டிருந்த பெண்களோடு இன்ஷாவும் உட்கார்ந்து உதட்டை அசைத்துக்கொண்டிருந்தாள். ஓர் எழுத்தும் கண்ணில் ஏறவில்லை.

காலையில் அத்தா உயிர் பிரிந்து மவுத்தானபோது பக்கத்தில் இருந்தது மகள் அவள் மட்டும்தான். காதோரம் குனிந்து, அல்லாஹ்வைத் தவிர வேறு இறைவனில்லை என்ற கலிமாவைச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாள். நாலைந்து நாளாகப் பேச்சு மூச்சில்லாமல் கிடந்த மனுஷன் திடீரென்று கண்ணைத் திறந்தார்.

"நேரமாச்சு," என்றார். "கிறிஸ்துகிட்ட போகணும்."

நோயாளியின் உளறல் மாதிரியே இல்லை. வேலைக்குக் கிளம்புகிறவர் சொல்வது போல அத்தனை தெளிவாக இருந்தது. இன்ஷா சட்டென்று வாசல் பக்கம் திரும்பிப் பார்த்தாள். அத்தாவின் அண்ணன், பெரியத்தா, சமையலறையில்தான் நின்றிருந்தார்.

"அப்படிச் சொல்லாதீங்கத்தா. கலிமா சொல்லுங்க."

அவர் இரண்டு கைகளையும் மேலே தூக்கப் பார்த்தார். எழுந்துவிடுவாரோ என்று பயந்து, அவள் அவற்றை இழுத்துப் போர்வைக்குள் வைத்து அழுத்தினாள். "கிறிஸ்து..." என்று மறுபடி ஆரம்பித்தார். அவள் வாயைப் பொத்தினாள். லேசாகத்தான். கையை எடுத்த பிறகும் மூச்சு கொஞ்ச நேரம் இருந்தது, பேச்சு வரவில்லை.

அத்தா முகம்மது யூசுப் வேலை பார்த்தது பாதிரிமார் படிக்கும் ஒரு கல்லூரி நூலகத்தில். திருச்சபை வரலாறு, வேத விளக்கம், பழைய சங்கங்களின் தீர்மானங்கள் என்று தலையணை கனத்துக்கு இருக்கும் புத்தகங்களை வண்டியில் தள்ளிப்போய் அலமாரியில் அடுக்குகிற வேலை. ஃபேரர் பார்க்கில் கடை வைத்திருந்த பெரியத்தா ஜமால் முகம்மதுவுக்கு அது தொண்டையில் சிக்கிய முள். "பாதிரி புஸ்தகத்தைச் சுமந்து சுமந்து ஒருநாள் இவனும் பாதிரியாயிருவான் பாரு," என்று பெருநாள் விருந்தில்கூடச் சொல்வார். எல்லாரும் சிரிப்பார்கள். அத்தாவும் சிரித்துக்கொண்டே இன்னொரு கரண்டி பிரியாணி போட்டுக்கொள்வார். இன்று காலைவரை இன்ஷாவுக்கும் அது வேடிக்கைதான்.

பெரியத்தா ஓடிவந்து தம்பியின் கண்ணை மூடிவிட்டு, முதலில் கேட்டது அதைத்தான்.

"வாயில கலிமா வந்துச்சாம்மா?"

"வந்துச்சு பெரியத்தா."

அவர் அழுதார். பிறகு வந்தவர்களிடமெல்லாம் சொன்னார். "கலிமாவோட போயிருக்கான் என் தம்பி." ஒருத்தர் விடாமல் இன்ஷாவின் தலையைத் தடவி, நீ கொடுத்துவைத்தவள் என்றார்கள். ஒவ்வொரு கையும் படும்போது அவள் இன்னும் கொஞ்சம் சுருங்கினாள். கடைசியாக நாக்கில் எது இருந்ததோ அதோடுதான் மறுமையில் எழுப்பப்படுவோம் என்று மதரசாவில் உஸ்தாது சொன்னது காதில் ஓயாமல் கேட்டது. அத்தா எதோடு எழுவார்? அங்கே எந்தப் பெரியத்தாவிடம் பொய் சொல்லி ஒப்பேற்றுவது?

பத்தரை மணிவாக்கில் எஸ்தர் வந்தார். அத்தாவோடு நூலகத்தில் வேலை பார்ப்பவர். தலையில் துப்பட்டா போட்டிருந்தார், கழுத்தில் சின்னச் சிலுவை. பெண்கள் ஓதுவதை நிறுத்தாமலே அதைப் பார்த்துக்கொண்டார்கள். வெறும் வாயை மெல்லுகிறவர்களுக்கு அவல் கிடைத்துவிடுமே என்று இன்ஷா பதறி, அவர் கையைப் பிடித்து வெளியே காரிடாருக்குக் கூட்டிப்போனாள்.

"ஆன்ட்டி, உண்மையைச் சொல்லுங்க. அத்தா உங்க மார்க்கத்துக்கு மாறிட்டாங்களா?"

"யாரு, யூசுப் அண்ணனா? என்னம்மா பேசுற நீ?"

"கடைசியா அதைத்தான் சொன்னாங்க. நேரமாச்சு, கிறிஸ்துகிட்ட போகணும்னு. நான் யார்கிட்டயும் சொல்லல. எனக்கு ரொம்பப் பயமா இருக்கு."

எஸ்தர் அவளையே பார்த்தார். பிறகு சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து, துப்பட்டா நுனியால் வாயை மூடிக்கொண்டார்.

"ஐயோ, அது எங்க லைப்ரரி பேச்சும்மா. அலமாரில என்ன தலைப்பு ஒட்டியிருக்கோ அதை வெச்சுத்தான் நாங்க இடம் சொல்வோம். போப்புகிட்ட ஏர்கான் தண்ணி ஒழுகுது, நரகத்துகிட்ட லைட்டு எரியலன்னு. நரகத்துல லைட்டு எதுக்குன்னு அண்ணன் கேப்பாரு."

"கிறிஸ்துகிட்டன்னா?"

"கடைசி வரிசை. கிறிஸ்து யாருங்கிற ஆராய்ச்சி பூரா அங்கதான். பாதி ஜெர்மன், பாதி லத்தீன், ஒவ்வொண்ணும் செங்கல் கனம். எங்க ஸ்டூடண்ட்ஸ் வாசல்லயே பிரசங்கப் புஸ்தகத்தை எடுத்துட்டு ஓடிடுவாங்க லா. கிறிஸ்துகிட்ட ஒருத்தரும் வர மாட்டாங்க." எஸ்தர் மூக்கைத் துடைத்துக்கொண்டார். "அதனாலதான் தொழறதுக்கு அண்ணன் அந்த இடத்தைப் பிடிச்சாரு. மக்கா எந்தப் பக்கம்னு போன்ல பாத்துச் சொன்னதே நான்தான். தொழுகைப் பாய் இன்னும் கீழ்த் தட்டுலதான் இருக்கு. மத்தியானம் ஆச்சுன்னா கவுண்டர்ல வந்து நிப்பாரு. சிஸ்டர், கொஞ்சம் பாத்துக்கங்க, நேரமாச்சு, கிறிஸ்துகிட்ட போகணும்னு."

இன்ஷா சுவரில் சாய்ந்துகொண்டாள். காலையிலிருந்து நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்தது இறங்கியது. அத்தா எங்கும் போய்விடவில்லை. தொழத்தான் கிளம்பியிருக்கிறார்.

அந்த நிம்மதி இரண்டு மூச்சுக்குத்தான் நின்றது. தொழுகையைத் தொடங்குகிறவர் இரண்டு கைகளையும் எப்படி உயர்த்துவார் என்று அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அந்தக் கைகளைத்தான் போர்வைக்குள் திணித்தாள். அதற்குப் பிறகு வர இருந்த வார்த்தை அல்லாஹு அக்பர் என்பதும் அவளுக்குத் தெரியும்; அந்த வாயைத்தான் பொத்தினாள். இதுவரை அத்தாவை நினைத்துப் பயந்தாள். இப்போது பயம் அவள் பக்கம் திரும்பி நின்றது.

"என்னம்மா, முகம் இப்படி வெளுத்துப்போச்சு?"

"ஒண்ணுமில்ல ஆன்ட்டி."

உள்ளே பெரியத்தாவின் குரல் கேட்டது. "முகம் பாக்கிறவங்க வந்து பாத்துக்கங்க."

வெள்ளைக் கஃபன் துணிக்குள் அத்தாவின் முகம் மட்டும் தெரிந்தது. தாடி இன்னும் ஈரமாக இருந்தது. கைகள் துணிக்குள் போய்விட்டன. இன்ஷா காதோரம் குனிந்தாள். காலையில் குனிந்த அதே காதுதான். பின்னால் நின்றவர்கள் நெருக்கியதும் நிமிர்ந்து நகர்ந்துகொண்டாள்.

"டன்லப் ஸ்திரீட் பள்ளிவாசல்ல மத்தியான லுஹர் முடிஞ்சதும் ஜனாஸா தொழுகை," என்றார் பெரியத்தா. "இங்கேருந்து அங்க போய்ச் சேரணும். ஜாம்ல மாட்டுனா ஜமாஅத்துக் கூட்டம் கலைஞ்சிரும். தூக்குங்க."

அத்தாவை ஏந்திய சந்தூக்கு வாசல்படியில் ஒருமுறை இடித்து, திரும்பி, காரிடாருக்கு வந்தது. லிஃப்ட் எட்டு வீடு தள்ளி இருந்தது. இந்தத் தொழுகைக்காவது அத்தா நேரத்துக்குப் போய்ச் சேர வேண்டும் என்று இன்ஷா எல்லாரையும் விலக்கிக்கொண்டு முன்னால் ஓடினாள். லிஃப்ட் வந்தது. திறந்து வைக்கும் பொத்தானை அழுத்திக்கொண்டு உள்ளே நின்றாள்.

ஆண்கள் தோள் மாற்றி மாற்றி மெதுவாக வந்தார்கள். லிஃப்ட் பீப் பீப் என்று கத்த ஆரம்பித்தது. பக்கத்து வீட்டுச் சீனக் கிழவர் எட்டிப்பார்த்து, கதவைத் தான் பிடித்துக்கொள்வதாகச் சைகை செய்தார். அவள் தலையை ஆட்டி மறுத்தாள். பொத்தானிலிருந்து விரலை எடுக்கவில்லை.